திரைக்குப் பின்னால் ஒரு குரல்

கடந்த ஆண்டு எங்கள் கல்லூரி ஆண்டுவிழாவுக்கு நான்தான் கலை நிகழ்ச்சிப் பொறுப்பாளர். இளங்கலைத் தமிழ் இரண்டாமாண்டு படிக்கும் ஒரு மாணவி நன்றாகப் பாடுவாள். வகுப்பில் செய்யுளை ஓசையோடு படிக்கச் சொன்னால் அவளைத்தான் எல்லோரும் கை காட்டுவார்கள். ஆண்டுவிழாவில் பாடுவதாகப் பெயர் கொடுத்திருந்தாள். விழாவுக்கு நான்கு நாள் முன்பு அவளுடைய அப்பா என்னை அழைத்தார். லோடு வண்டி ஓட்டுபவர். வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டுப் பேசினார் என்பது பின்னால் கேட்ட சத்தத்தில் தெரிந்தது.

“பாடட்டும் மேடம், நான் வேண்டாம்னு சொல்லல. ஆனா மேடையில ஏறி நிக்க வேண்டாம். எல்லாப் பிள்ளைங்களும் போன்ல எடுக்கும். அது எங்கெங்க போகும்னு உங்களுக்குத் தெரியாததா?”

அவர் குரலில் அதட்டல் இல்லை, பயம்தான் இருந்தது. அதட்டியிருந்தால் நான் பதிலுக்குச் சண்டை போட்டிருப்பேன். பயத்திடம் எப்படிச் சண்டை போடுவது என்று தெரியவில்லை. ஒரு வழி கண்டுபிடித்தேன். அவள் மேடையின் பக்கத் திரைக்குப் பின்னால் நின்று பாடுவாள், மேடையில் ஐந்து பெண்கள் அந்தப் பாட்டுக்கு ஆடுவார்கள். அப்பா ஒப்புக்கொண்டார். முதல்வர் பாராட்டினார். எனக்கும் உள்ளுக்குள் பெருமைதான்.

பாட்டு முடிந்ததும் அரங்கம் கைதட்டியது. ஆடிய ஐந்து பேரும் குனிந்து வணங்கினார்கள். நான் திரைக்குப் பின்னால் போனேன். மைக்கை என்னிடம் நீட்டியபடி அவள் கேட்டாள்:

“நல்லா இருந்துச்சாம்மா? எனக்குத் தெரியல. யாரு மூஞ்சியும் தெரியல.”

அன்று இரவு வீட்டுக்கு வந்தும் அந்த வார்த்தை என்னை விடவில்லை. அப்போதுதான் நாஸியா ஹசன் நினைவுக்கு வந்தார். வந்தார் என்பதைவிட, ஆம்பூர்த் தெரு ஒன்றின் வழியாக அவரிடம் போனேன் என்று சொல்ல வேண்டும்.

நான் ஆம்பூரில் வளர்ந்தவள். தோல் தொழிற்சாலைகளின் ஊர். தெருவில் பாதி வீடுகளில் உருது பேசுவார்கள். எங்கள் பக்கத்து வீட்டில் ஒரு அக்கா இருந்தார். அந்த வீட்டுப் பிள்ளைகள் அவரை ‘ஆபா’ என்று கூப்பிட்டதால் நானும் அப்படியே கூப்பிட்டேன். எனக்கு எட்டு வயது இருக்கும்போது அவருக்குப் பதினாறு. சவுதியில் வேலை பார்த்த அவருடைய அண்ணன் ஒரு டேப் ரெக்கார்டரும் சில கேசட்டுகளும் வாங்கி வந்திருந்தார். அதில் ஒன்று ‘டிஸ்கோ தீவானே’. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஆண்கள் வெளியே போனதும் அடுப்படி ஓரமாக வைத்து, ஒலியைக் குறைத்து, ஆபா அதைப் போடுவார். கூடவே பாடுவார். அட்டையில் இருந்த முகத்தைக் காட்டி, “இவ பாட ஆரம்பிக்கும்போது பதினைஞ்சு வயசு தெரியுமா பாப்பா? என்னைவிடச் சின்னவ” என்பார். எனக்கு உருது தெரியாது. ஆனால் பதினைந்து வயதுப் பெண்ணின் முகத்தை அட்டையில் போட்டு விற்பார்கள், அவள் எந்தப் படத்தின் கதாநாயகியும் இல்லை, வெறுமனே பாடியவள் என்பது அந்த வயதிலேயே எனக்கு அதிசயமாக இருந்தது. பாடுகிறவர்களுக்கு முகம் இருக்கும் என்று நான் அதுவரை நினைத்ததில்லை.

நாஸியா 1965 ஏப்ரல் 3 அன்று கராச்சியில் பிறந்தார். அப்பா தொழிலதிபர், அம்மா சமூகப் பணியில் இருந்தவர். கராச்சிக்கும் லண்டனுக்கும் இடையே வளர்ந்த குழந்தை. 1970களில் பாகிஸ்தான் தொலைக்காட்சியில் இசையமைப்பாளர் சோஹைல் ரானா நடத்திய குழந்தைகள் நிகழ்ச்சியில் பாடியிருக்கிறார். துணைக்கண்டத்தின் முதல் பாப் பாட்டு என்று பலரும் சொல்கிற ‘கோ கோ கொரீனா’வை 1966இல் ‘அர்மான்’ படத்துக்காக அமைத்தவரும் இதே சோஹைல் ரானாதான். பாடியவர் அகமது ருஷ்தி. ஆக, உருது பாப் நாஸியாவிடம் தொடங்கவில்லை. ரூனா லைலாவும் அவருக்கு முன்பே பாட வந்தவர். நாஸியா தொடங்கி வைத்தது வேறொன்று. அதற்கு வருகிறேன்.

1980இல் லண்டனில் ஒரு விருந்தில் இந்தி நடிகரும் இயக்குநருமான ஃபெரோஸ் கான் அந்தச் சிறுமியின் குரலைக் கேட்க நேர்ந்தது. அவர் அப்போது ‘குர்பானி’ எடுத்துக்கொண்டிருந்தார். பிட்டு என்ற இசையமைப்பாளரிடம் அனுப்பினார். பிட்டு பெங்களூரில் பிறந்து, இங்கிலாந்துக்குப் போய், 1974இல் உலகெங்கும் ஒலித்த ‘குங்ஃபூ ஃபைட்டிங்’ பாட்டைத் தயாரித்தவர். படத்தின் மற்ற பாடல்கள் எல்லாம் கல்யாண்ஜி – ஆனந்த்ஜி இசை. இந்த ஒரு பாட்டு மட்டும் பிட்டுவுடையது, லண்டனில் பதிவானது. ‘ஆப் ஜைஸா கோயி.’ உங்களைப் போல் ஒருவர் என்று பொருள்.

அந்தக் குரலை இன்றைக்குக் கேட்டாலும் அது பயிற்சி பெற்ற குரல் இல்லை என்று தெரியும். மெல்லிசானது, கொஞ்சம் மூக்கால் வருவது. அதே குரலை ஒன்றின்மேல் ஒன்றாகப் பதிந்து, தனக்குத்தானே துணை பாடுவதுபோல் செய்திருப்பார் பிட்டு. லதா மங்கேஷ்கரின் சுருதி சுத்தமும் இல்லை, ஆஷா போஸ்லேயின் குழைவும் இல்லை. அந்த இருவரைத் தவிர இன்னொரு பெண் குரலுக்கு இடமே இல்லை என்று இந்தித் திரையுலகம் பல பத்தாண்டுகள் நம்பிக்கொண்டிருந்தது. 1981இல் சிறந்த பின்னணிப் பாடகிக்கான ஃபிலிம்ஃபேர் விருது, பள்ளிப் படிப்பு முடியாத இந்தக் கராச்சிப் பெண்ணுக்குப் போனது. அந்த விருதைப் பெற்ற முதல் பாகிஸ்தானியர் அவர்தான்.

நான் தமிழ் படித்தவள் என்பதால் அந்தத் தலைப்பில் ஒரு சொல் என்னை நிறுத்தியது. ‘ஆப்’ என்பது உருதுவில் மரியாதைப் பன்மை, நம்முடைய ‘நீங்கள்’. ‘தூ’வும் இல்லை, ‘தும்’மும் இல்லை. ஒரு பெண் தன் ஆசையைத் தானே சொல்கிறாள், அதையும் குனியாமல், குழையாமல், ‘நீங்கள்’ போட்டுச் சொல்கிறாள். தலைவி தன் விருப்பத்தைத் தலைவன் முன் தன் வாயால் சொல்லும் வழக்கம் இல்லை என்கிறது தொல்காப்பியம். உருது கஜலின் பழைய மரபில் காதலிப்பவரும் ஆண்பால், காதலிக்கப்படுபவரும் ஆண்பால். பெண் அங்கே இலக்கணத்திலேயே இல்லை. நம் வெள்ளிவீதியாரைப் போல இரண்டு மரபிலும் மீறியவர்கள் உண்டு. ஆனால் அவர்களைப் படிக்க வேண்டும். கடைத்தெருவில், கல்யாண வீட்டில், பேருந்தில் வந்து காதில் விழமாட்டார்கள். இந்தப் பாட்டு விழுந்தது.

சரி, குர்பானியில் அந்தப் பாட்டைப் பாடியது யார்? திரையில் பார்த்தால் ஜீனத் அமன். மேடையில் ஆடுவது அவருடைய உடல், உதடு அசைப்பது அவருடைய முகம். பதினைந்து வயதுப் பெண்ணின் குரல் வளர்ந்த ஒரு நடிகையின் உடலில் ஒட்டப்பட்டிருக்கிறது. நாம் இதற்கு வைத்திருக்கும் பெயர் பின்னணிப் பாடல். அவ்வளவு பழகிவிட்டதால் அந்தச் சொல்லின் விசித்திரம் நமக்குத் தெரிவதில்லை. பின்னணி. பின்னால் நிற்பது. ஆசையைப் பாடுகிற பெண் வேறு, ஆசையோடு பார்க்கப்படுகிற பெண் வேறு என்று இரண்டாகப் பிரித்துவைத்தால் முதலாமவள் குடும்பப் பெண்ணாக இருக்கலாம். இரண்டாமவளைப் பற்றி என்ன வேண்டுமானாலும் பேசிக்கொள்ளலாம். திரைக்குப் பின்னால் என் மாணவியை நிறுத்தியபோது நான் புதிதாக எதையும் கண்டுபிடித்துவிடவில்லை. அரை நூற்றாண்டுக்கும் மேலாக நம் சினிமா செய்துவருவதைத்தான் செய்தேன்.

நாஸியா செய்த புதிய காரியம் அடுத்த ஆண்டு நடந்தது. 1981இல் வந்த ‘டிஸ்கோ தீவானே’ ஒரு படத்தின் பாடல்கள் அல்ல. தம்பி ஜோஹேப்போடு சேர்ந்து, பிட்டுவின் இசையில் பாடிய தனித் தொகுப்பு. அதற்குக் கதை இல்லை, கதாநாயகன் இல்லை, உதடு அசைக்க ஒரு நடிகை இல்லை. பாட்டு யாருடையதோ, முகமும் அவளுடையதே. இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் அது விற்ற வேகம் அதுவரை எந்த பாப் தொகுப்புக்கும் இல்லாதது. மூன்று போர்கள் நடந்து முடிந்திருந்த இரண்டு நாடுகளின் இளம்பிள்ளைகள் ஒரே பெண்ணின் படத்தை அறைச்சுவரில் ஒட்டினார்கள். சினிமாவுக்கு வெளியேயும் ஒரு பாடகிக்கு வாழ்வு உண்டு என்பது அப்போதுதான் இங்கே நிரூபணமானது. 1995இல் அலிஷா சினாயின் ‘மேட் இன் இந்தியா’வுக்கு இசையமைத்தவரும் பிட்டுதான் என்பதை நினைத்துக்கொண்டால், 90களின் இந்திப் பாப் அலை முழுவதும் எந்தக் கதவு வழியாக வந்தது என்பது புரியும்.

தம்பி கூட இருந்தது பற்றி எனக்கு நெடுநாள் ஒரு நெருடல் உண்டு. அண்ணனோ தம்பியோ பக்கத்தில் நின்றால்தான் நம் வீட்டுப் பெண் வெளியே போகலாம் என்பது ஆம்பூரிலும் கராச்சியிலும் ஒன்றுதான். ஜோஹேப் வெறும் துணைக்கு வந்தவர் அல்ல. பாடினார், மெட்டுப் போட்டார், அந்த இசையில் சரிபாதி அவருடையது. இருந்தாலும் அக்காவும் தம்பியுமாக அட்டையில் நின்றது, இந்தப் பெண்ணை வீட்டுக்குள் கொண்டுபோகப் பல பெற்றோருக்குத் துணிச்சல் கொடுத்திருக்கும் என்றே நினைக்கிறேன். ஆபாவின் அம்மா அந்தக் கேசட்டை அனுமதித்ததற்கும் அதுவே காரணம். “அது தம்பியோட பாடுது, நல்ல பிள்ளை” என்று அவர் சொன்னது எனக்கு நினைவிருக்கிறது.

அந்த நல்ல பிள்ளை பாட வந்த காலத்தையும் பார்க்க வேண்டும். 1977இல் ஜெனரல் ஜியா உல் ஹக் ஆட்சியைப் பிடித்தார். 1979இல் ஹுதூத் சட்டங்கள் வந்தன. வன்புணர்வுக்கு ஆளான பெண்ணே தகாத உறவுக் குற்றத்துக்காகச் சிறைக்குப் போக நேர்ந்தது அந்தச் சட்டங்களால்தான். தொலைக்காட்சியில் தோன்றும் பெண்கள் துப்பட்டாவால் தலையை மூட வேண்டும் என்று உத்தரவு வந்தது. மேதாப் ரஷ்தி என்ற அறிவிப்பாளர் மறுத்துவிட்டு வெளியேறினார். கதக் கலைஞர் நாஹித் சித்திக்கியின் நடன நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது, அவர் இங்கிலாந்துக்குப் போய்விட்டார். 1981இல் கராச்சியில் பெண்கள் செயல் மன்றம் உருவானது. 1983 பிப்ரவரி 12 அன்று லாகூரில், நீதிமன்றத்தில் பெண்ணின் சாட்சியத்தைப் பாதியாகக் குறைக்கும் சட்டத்தை எதிர்த்து ஊர்வலம் போன பெண்களைப் போலீஸ் தடியால் அடித்தது.

இந்த நாட்டில்தான், இந்த ஆண்டுகளில்தான், தலையை மூடாத ஒரு பெண் டிஸ்கோ பாடிக்கொண்டிருந்தாள். அரசுத் தொலைக்காட்சிக்கு அவளைத் தவிர்க்கவும் முடியவில்லை, முழுதாகக் காட்டவும் முடியவில்லை. அவள் ஆடுவது தெரியாதபடி இடுப்புக்கு மேலே மட்டும் காட்டினார்கள் என்று அந்தக் காலத்தைப் பற்றி எழுதியவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். இதை முதன்முதலில் படித்தபோது சிரித்தேன். போன ஆண்டு விழாவுக்குப் பிறகு சிரிக்க முடியவில்லை. ஒரு சர்வாதிகாரியின் தொலைக்காட்சி பாதிப் பெண்ணையாவது காட்டியது. முனைவர் பட்டம் வாங்கி, பெண்ணியம் பற்றிக் கருத்தரங்குகளில் கட்டுரை வாசிக்கும் நான் என் மாணவியின் முகத்தைக்கூடக் காட்டவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் போனால் நேர்மையாகாது. நாஸியாவுக்கு லண்டன் இருந்தது. பணம் இருந்தது, ஆங்கிலம் இருந்தது, மகளுக்குப் பக்கத்தில் நின்ற பெற்றோர் இருந்தார்கள். லாகூர்த் தெருவில் அடி வாங்கிய பெண்களோடு அவர் நின்றதாக நான் எங்கும் படித்ததில்லை. 1986இல் அதே லாகூரில் இக்பால் பானோ ஃபைஸின் கவிதையைப் பாடி அரங்கத்தை அதிரவைத்தார். நாஸியாவின் பாட்டில் அப்படியான அரசியல் எதுவும் இல்லை. காதல், நிலா, நடனம், அவ்வளவுதான். ஆனால் ஆடுவதே குற்றம் என்று ஆக்கிவைத்த இடத்தில் ஆட அழைக்கும் பாட்டு, கேட்பவளுக்குள் என்ன செய்யும் என்பதை அடுப்படி ஓரத்தில் நான் பார்த்திருக்கிறேன். முழக்கம் போகாத வீடுகளுக்குள் இந்தப் பாட்டு போனது. இரண்டும் தேவை.

1982இல் ‘ஸ்டார்’ படத்துக்காக ‘பூம் பூம்’, 1984இல் ‘யங் தரங்’, 1987இல் ‘ஹாட்லைன்’. ‘யங் தரங்’ பாடல்களுக்கு வீடியோக்கள் எடுத்தார்கள். பாகிஸ்தானில் ஒரு தொகுப்புக்கு அப்படிச் செய்தது அதுவே முதல்முறை. இப்போது குரலும் முகமும் உடலும் ஒரே பெண்ணிடம் ஒரே நேரத்தில் இருந்தன. 1988இல் ஜியா இறந்து, பெனசிர் பூட்டோ பிரதமரானார். 1989இல் ஷோயப் மன்சூர் தயாரித்த ‘மியூசிக் 89’ நிகழ்ச்சியை நாஸியாவும் ஜோஹேப்பும் தொகுத்து வழங்கினார்கள். ‘வைட்டல் சைன்ஸ்’ போன்ற புதிய குழுக்கள் அதில் மேடையேறின. அக்காவும் தம்பியும் திறந்த வழியில் அடுத்த தலைமுறை வந்துகொண்டிருந்தது.

அப்போது நாஸியாவுக்கு வயது இருபத்து நான்கு. பாட்டு அவருடைய வாழ்க்கையின் ஒரு பகுதி மட்டும்தான். லண்டனில் வணிக நிர்வாகமும் பொருளியலும் படித்தார், பிறகு சட்டம் படித்தார். நியூயார்க்கில் ஐக்கிய நாடுகள் தலைமையகத்தில் வேலை செய்தார். 1980களின் கராச்சி ஹெராயினில் மூழ்கிக்கொண்டிருந்தது. தம்பியோடு சேர்ந்து போதைக்கு எதிராக ஓர் அமைப்பைத் தொடங்கினார். 1992இல் வந்த கடைசித் தொகுப்பு ‘கேமரா கேமரா’ அந்தப் பிரசாரத்தோடு இணைந்தது. அதற்குப் பிறகு பாடுவதை நிறுத்திக்கொண்டார்.

உச்சத்தில் இருந்தவர் ஏன் நிறுத்தினார் என்று அவரைப் பற்றி எழுதுகிற எல்லோரும் கேட்கிறார்கள். ஒரு பெண் நிறுத்தினால் யாரோ நிறுத்தினார்கள் என்று நினைப்பது என் பழக்கமும்கூட. ஆனால் சட்டம் படித்த, வேறு வேலைகளில் மனம் வைத்த ஒருவர், பதினைந்து வயதில் தொடங்கியதை இருபத்தேழில் போதும் என்று சொல்லவும் கூடும். அந்த முடிவை அவரிடமிருந்து பிடுங்கி ஒரு சோகக் கதையாக மாற்ற எனக்கு உரிமை இல்லை.

சோகம் பிறகு வந்தது. 1995இல் கராச்சியில் ஒரு தொழிலதிபரைத் திருமணம் செய்தார். 1997இல் மகன் பிறந்தான். புற்றுநோய் ஏற்கெனவே உடலில் இருந்தது. திருமணம் முறிந்து, விவாகரத்து ஆன சில நாட்களில், 2000 ஆகஸ்ட் 13 அன்று லண்டனில் நுரையீரல் புற்றுநோயால் இறந்தார். வயது முப்பத்தைந்து. வடக்கு லண்டனில் அடக்கம் செய்தார்கள். 2002இல் பாகிஸ்தான் அரசு, இறந்த பிறகு, கலைக்கான உயரிய விருதை அளித்தது.

இன்று அவர் பெயரைத் தேடினால் முதலில் வந்து விழுவது பாட்டு அல்ல. அந்தத் திருமணம், அந்த நோய், இறந்த பிறகு இரு குடும்பங்களுக்கு இடையே நடந்த சண்டை. யார் சரி, யார் தவறு என்று நான் எழுதப்போவதில்லை. எனக்கு உறுத்துவது கணக்குதான். பன்னிரண்டு ஆண்டுகள் பாடினார், ஐந்து ஆண்டுகள் மனைவியாக இருந்தார். ஆனால் கதை சொல்கிறவர்கள் அந்த ஐந்தைத்தான் சொல்கிறார்கள். ஒரு பெண்ணுக்கு என்ன நடந்தது என்பதில் இருக்கும் ஆர்வம், அவள் என்ன செய்தாள் என்பதில் நமக்கு வருவதில்லை. ஆண் கலைஞர்கள் எத்தனையோ பேரின் மணவாழ்க்கை நமக்குத் தெரியாது, தெரிந்துகொள்ளத் தோன்றியதும் இல்லை.

முப்பத்தைந்து வயதில் நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று எண்ணிப்பார்த்தேன். ஆய்வேட்டைச் சமர்ப்பித்து, வாய்மொழித் தேர்வுக்குக் காத்திருந்தேன். அதற்கு முன் ஆறு ஆண்டுகள் ஒரு கவிதையும் வெளியிடவில்லை. எழுதவில்லை என்று பொருளில்லை. பத்திரிகையில் வந்த ஒரு காதல் கவிதையை என் புகுந்த வீட்டில் யாரோ சத்தமாகப் படித்து, “இது யாரைப் பத்தி?” என்று கேட்டார்கள். அதன் பிறகு நோட்டிலேயே எழுதி நோட்டிலேயே வைத்தேன். நண்பர் ஒருவர், வேறு பெயரில் எழுதலாமே என்றார். நல்ல யோசனையாகவே பட்டது. குரல் போகட்டும், முகம் வேண்டாம். இரண்டு கவிதைகள் அப்படி வந்தன. பாராட்டிய கடிதங்களும் வந்தன. அவை எனக்கு வந்தவை போலவே இல்லை. யார் முகமும் தெரியவில்லை என்று அந்தப் பெண் சொன்னது ஏன் என்னைத் தூங்கவிடவில்லை என்பது இதை எழுதும்போதுதான் தெளிவாகிறது. முதல் தொகுப்பு என் பெயரில், பின்னட்டையில் என் படத்தோடு வந்தபோது எனக்கு முப்பத்தாறு.

2012இல் ‘ஸ்டூடண்ட் ஆஃப் தி இயர்’ என்ற இந்திப் படத்தில் ‘டிஸ்கோ தீவானே’ மறுபடி வந்தது. நாஸியாவின் பழைய குரலையும் அதில் சேர்த்திருந்தார்கள். திரையில் ஆலியா பட்டும் மற்றவர்களும் ஆடினார்கள். என் மாணவிகளுக்கு அந்தப் பாட்டு தெரியும். யார் பாடியது என்று கேட்டால் ஆலியாவின் பெயரைச் சொல்கிறார்கள். இன்னொருத்தியின் உடலில் தொடங்கிய குரல், நடுவே சில ஆண்டுகள் தன் சொந்த உடலில் வாழ்ந்துவிட்டு, மறுபடி இன்னொருத்தியின் உடலுக்குள் போய்விட்டது. அந்த நடுவே சில ஆண்டுகளைத்தான் நாஸியாவின் சாதனை என்று நான் நினைக்கிறேன். விருதையோ விற்பனையையோ அல்ல.

ஆபாவுக்குப் பதினேழு வயதில் நிக்காஹ் ஆனது. கேசட்டுகளை எனக்குத் தந்துவிட்டுப் போனார். கேட்கக் கேட்க ஒன்றில் நாடா சிக்கி அறுந்துபோனது, மற்றவை வீடு மாறும்போது எங்கேயோ போயின. மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒரு திருமணத்தில் அவரைப் பார்த்தேன். பேரன் எடுத்துவிட்டார். “இன்னும் பாடுறீங்களா ஆபா?” என்று கேட்டேன். “எங்க பாப்பா, அதெல்லாம் சும்மா” என்றார். பிறகு, நான் எதிர்பார்க்காத நேரத்தில், “அது செத்துப்போச்சில்ல, நாஸியா. சேதி வந்த அன்னைக்கு ரெண்டு நாள் நான் சரியாச் சாப்பிடல. யாருகிட்ட சொல்றது?” என்றார்.

இந்த ஆண்டும் கலை நிகழ்ச்சிப் பொறுப்பு எனக்குத்தான். அந்த மாணவி இப்போது மூன்றாமாண்டு. பெயர் கொடுக்க வந்தவளிடம், போன முறை செய்தது தவறு என்று சொன்னேன். ஆசிரியர் இப்படிச் சொல்வது அவளுக்குக் கூச்சமாக இருந்தது. தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு அவளே ஒரு யோசனை சொன்னாள்.

“அப்பாவுக்குப் பயம் நான் நிக்கிறதுல இல்லம்மா. போன்லதான். என்னை உள்ள வைக்கிறதுக்குப் பதிலா போனை வெளிய வைக்கச் சொன்னா என்ன?”

இவ்வளவு எளிய விஷயம் எனக்குத் தோன்றவே இல்லை. பாடுகிறவளை மறைக்க நான்கு நாளில் ஏற்பாடு செய்த எனக்கு, பார்க்கிறவர்களிடம் ஒரு நிபந்தனை வைக்கலாம் என்று தோன்றவில்லை. அவளுடைய அப்பாவிடம் பேசினேன். வெகுநேரம் பேசவில்லை. அரங்கத்துக்குள் ஒரு கைபேசியும் வராது என்றால் சரி என்றார். கொஞ்சம் நிறுத்தி, “நான் வந்து உக்காந்து பாக்கலாமா மேடம்?” என்று கேட்டார். வரச் சொல்லியிருக்கிறேன்.

சுற்றறிக்கையைத் தட்டச்சு செய்து முதல்வர் மேசையில் வைத்துவிட்டேன். நுழைவாயிலில் கைபேசிகளை வாங்கி வைக்க, ரோல் எண் எழுதிய துணிப்பைகளை மூன்றாமாண்டுப் பெண்கள் தைத்துக்கொண்டிருக்கிறார்கள். விழாவில் செல்ஃபி எடுக்க முடியாது என்று மற்ற வகுப்புகளில் என்மேல் கோபமாக இருக்கிறார்கள். இருக்கட்டும். விழா அடுத்த மாதம் பதினான்காம் தேதி. அவள் பாட எழுந்து நிற்கும்போது அரங்கத்து விளக்கை அணைக்க வேண்டாம் என்று ஒளி அமைப்பவரிடம் சொல்ல வேண்டும். அதை மறக்காமல் இருக்க இங்கேயும் எழுதி வைக்கிறேன்.